கடன் சங்கத்தின் பழைய ஃபொக்ஸ்புரோ மென்பொருள்: மூலநிரல் இல்லை, கிராக் கருவியால் பிரிக்கலாமா?

உவர்மலை இலிகிதர் எழுதியது:

வணக்கம். திருகோணமலையில் ஒரு சிக்கன கடனுதவு கூட்டுறவுச் சங்கத்தில் வேலை செய்கிறேன். உறுப்பினர் விவரம், பங்குப் பணம், கடன், வட்டி எல்லாம் விஷுவல் ஃபொக்ஸ்புரோ 6 என்ற பழைய தரவுத்தள நிரலாக்கக் கருவியில் எழுதிய ஒரு மென்பொருளில்தான் ஓடுகின்றன. எழுதிக் கொடுத்தவர் சுனாமிக்குப் பிறகு வெளிநாடு போய்விட்டார், தொடர்பு இல்லை. மூலநிரல், அதாவது அவர் எழுதிய நிரலின் வாசிக்கக்கூடிய வடிவம், யாரிடமும் இல்லை. இருப்பது ஓடுகிற இஎக்ஸ்இ கோப்பும் தரவுக் கோப்புறையும் மட்டும்.

பிரச்சினை அடையாள அட்டையில் தொடங்கியது. 2016 முதல் வழங்கும் அட்டைகளில் 12 எண்கள். எங்கள் மென்பொருளில் 10 இடம்தான்: ஒன்பது எண், கடைசியில் வி அல்லது எக்ஸ். வேறு எதையும் ஏற்காது. அதனால் புதிய உறுப்பினர்களுக்கு ஏதோ ஒன்பது எண்ணை எடுத்து வி சேர்த்துப் பதிந்திருக்கிறார்கள். சரியான இலக்கம் முகவரியின் கடைசியில் ஒட்டிக்கொண்டு கிடக்கிறது. கணக்காய்வில் இதைக் கேட்டுவிட்டார்கள்.

டவுனில் ஒரு கணினிக் கடையில், இஎக்ஸ்இயைத் திரும்ப மூலநிரல் ஆக்கும் கருவியின் கிராக் பதிப்பை (உரிமப் பூட்டை உடைத்த திருட்டுப் பதிப்பை) பென் டிரைவில் தந்தார்கள். நிறுவும்போது வைரஸ் காப்பை நிறுத்திவிடச் சொன்னார்கள். சங்கத்தில் இருப்பது ஒரே கணினி. போடலாமா?

சீனக்குடாக்காரன் எழுதியது:

போடலாம். வைரஸ் காப்பு எந்தக் கிராக்கைக் கண்டாலும் சத்தம் போடும், அது வழமை. உரிமம் டொலரில் விற்கிறார்கள். 2022 இல் டொலர் 200 ரூபாவிலிருந்து 350 ஐத் தாண்டிப் போன பிறகு எந்தச் சின்னச் சங்கம் ஒரு தடவை பாவிக்கிற கருவிக்குக் காசு கட்டும்? பயமென்றால் கணினிக்குள் தனிக் கணினி போல ஓடுகிற விர்ச்சுவல்பொக்ஸ் போட்டு அதற்குள் ஓடவிடுங்கள்.

பழைய கிளிப்பர் எழுதியது:

தம்பி, போடாதீர்கள். அந்தப் பென் டிரைவைச் சங்கத்துக் கணினியில் செருகவே வேண்டாம். கருவி எது என்று பேசுவதற்கு முன்னால், உங்களுக்கு அது தேவையா என்று பார்க்க வேண்டும்.

உங்களிடம் இருப்பவை இரண்டு: தரவு ஒன்று, நிரல் ஒன்று. மென்பொருள் திறக்காவிட்டால் தரவும் போய்விட்டது என்றுதான் பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. டிபேஸ், கிளிப்பர், ஃபொக்ஸ்புரோ என்ற பழைய தரவுத்தள மென்பொருள்கள் மூன்றுமே டிபிஎஃப் என்ற ஒரே குடும்பக் கோப்பைத்தான் எழுதின. அதன் அமைப்பு ஊரறிந்தது. முதல் பைட்டு கோப்பின் வகையைச் சொல்லும். அடுத்த 3 பைட்டில் கடைசியாகத் திருத்திய திகதி, அதற்கடுத்த 4 இல் பதிவுகளின் எண்ணிக்கை, பிறகு தலைப்பகுதியின் நீளம், ஒரு பதிவின் நீளம். அதன்பின் ஒவ்வொரு புலத்துக்கும் (உறுப்பினர் பெயர், முகவரி போன்ற ஒவ்வொரு தகவலுக்கும்) 32 பைட்டு: பெயர், வகை, அகலம். அது முடிந்ததும் உறுப்பினர் பதிவுகள் ஒரே நீளத்தில் வரிசையாக இருக்கும். பூட்டும் இல்லை, கடவுச்சொல்லும் இல்லை. நீங்கள் பூட்டிய அலமாரி என்று நினைப்பது கதவே வைக்காத இறாக்கை.

இன்றைக்கே செய்யக்கூடியது இது. மென்பொருளை மூடிவிட்டுக் கோப்புறை முழுவதையும் வெளி ஹார்ட் டிஸ்க் ஒன்றுக்குக் கொப்பி எடுங்கள். டிபிஎஃப் மட்டும் போதாது. குறிப்புகள் எஃப்பிடியில் இருக்கும், பதிவுகளைத் தேடும் சுட்டி (இண்டெக்ஸ்) சிடிஎக்ஸில் இருக்கும், டிபிசி, டிசிடி என்று சில கோப்புகளும் இருக்கும். எல்லாமே வேண்டும். பிறகு வேறொரு கணினியில், கொப்பியை மட்டும், லிப்ரே ஒபிஸ் கல்க் என்ற விரிதாள் மென்பொருளில் திறந்து பாருங்கள். இலவசம்தான். பார்த்துவிட்டு டிபிஎஃப் ஆகத் திரும்பச் சேமிக்க வேண்டாம், புல அகலங்களும் தலைப்பகுதியும் மாறிவிடும். வேறு வடிவத்தில் சேமியுங்கள்.

ஒன்றைக் கவனியுங்கள். ஃபொக்ஸ்புரோவில் ஒரு பதிவை அழித்தால் அது உடனே போகாது. பதிவின் முதல் பைட்டில் ஒரு நட்சத்திரக் குறி விழும், அவ்வளவுதான். அழித்தவற்றை நிரந்தரமாக நீக்குகிற பாக் கட்டளை ஓடும்வரை ஆள் கோப்புக்குள்ளேயே இருப்பார். விலகிய உறுப்பினர்கள் புதிய பட்டியலில் திரும்ப வந்து நிற்காமல் பார்க்க வேண்டும்.

கிண்ணியா ரிப்பேர் எழுதியது:

பழைய கிளிப்பர் ஐயா சொன்னதை அப்படியே கேளுங்கள். நான் கணினி திருத்தும் கடை வைத்திருக்கிறேன். இந்தப் பக்கத்தில் ஓர் அரிசி ஆலையின் கணக்கு ஃபொக்ஸ்புரோவில்தான் இருந்தது. அதே கணினியில் யாரோ படம் திருத்தும் மென்பொருள் ஒன்றைக் கிராக்கோடு போட்டிருக்கிறார்கள். மறுநாள் காலையில் எல்லாக் கோப்பின் பெயருக்குப் பின்னாலும் புது வால் முளைத்திருந்தது, ஒவ்வொரு கோப்புறையிலும் காசு கேட்டு ஒரு கடிதம். ஸ்டொப் என்று சொல்கிற ரான்சம்வேர். அது பரவுகிற முக்கிய வழியே கிராக்கும், பொய் உரிமச் சாவி உருவாக்குகிற கீஜென்னும்தான். வைரஸ் காப்பை நிறுத்தி நாங்களே கதவைத் திறந்து விடுகிறோம், அதற்கு வேறு எந்தத் தந்திரமும் தேவைப்படாது.

ஈசெட், எம்சிசொஃப்ட் போன்றவர்கள் சில ரான்சம்வேர்களுக்கு இலவச மீட்புக் கருவி தருகிறார்கள். ஸ்டொப்புக்கு எம்சிசொஃப்டின் கருவி உண்டு. ஆனால் பழைய வகைகளுக்கும், இணையம் இல்லாத நேரத்தில் பூட்டப்பட்டவைக்கும்தான் அது பெரும்பாலும் உதவும். ஆலையின் கோப்புகள் இணையத்தில் இருக்கும்போது பூட்டப்பட்டவை. சாவி இல்லை.

பிறகுதான் ஒரு வழி கிடைத்தது. ஸ்டொப் அவசரக்காரன், ஒரு கோப்பின் முதல் 150 கிலோபைட் அளவைத்தான் பூட்டும். பெரிய டிபிஎஃபில் தலைப்பகுதியும் முதல் கொஞ்சப் பதிவுகளும் போகும், மிச்சம் அப்படியே இருக்கும். பழைய பென் டிரைவ் ஒன்றில் அதே மென்பொருளின் கோப்புகள் கிடந்தன. அதிலிருந்து தலைப்பகுதியை எடுத்து, பதிவு எண்ணிக்கையைத் திருத்தி, மிஞ்சிய பதிவுகளின் முன்னால் ஒட்டினோம். திறந்தது. ஆனால் ஒரு பதிவு 200 பைட்டு என்றால் சுமார் 750 பதிவுகள் அந்த 150 கிலோபைட்டுக்குள் போய்விடும். முதலில் சேர்ந்த ஆட்கள்தான் கோப்பின் தொடக்கத்தில் இருப்பார்கள். உங்கள் சங்கத்தில் நடந்தால், முப்பது வருடமாகக் காசு கட்டிய ஐயா, அம்மாமாருடைய கணக்குத்தான் முதலில் அழியும். சின்னக் கோப்புகள் முழுவதுமே போகும்.

சீனக்குடாக்காரன் எழுதியது:

நானா, அதனால்தான் விர்ச்சுவல்பொக்ஸ் சொன்னேன். அதற்குள் ஓடினால் வெளியே வராதே.

கிண்ணியா ரிப்பேர் எழுதியது:

தம்பி, வலையமைப்பை நிறுத்தி, பகிர்ந்த கோப்புறையை நிறுத்தி, கிளிப்போர்டையும் நிறுத்தினால் பெருமளவுக்கு வராது. அப்படி யார் செய்கிறார்கள்? கோப்பை உள்ளே கொண்டுபோகப் பகிர்ந்த கோப்புறையைத் திறந்து வைப்பார்கள், அது தரவுக் கோப்புறையாகவே இருக்கும். வேலை முடிந்ததும் கருவி தந்த கோப்பை வெளியே எடுத்து மற்றக் கணினியில் ஓடவிடுவார்கள். அடைத்து வைத்ததற்கு என்ன பலன்?

கோணேசபுரி மாணவி எழுதியது:

நான் வளாகத்தில் கணினி படிக்கிறேன். இதில் பேசாமல் விட்ட ஒன்று இருக்கிறது. மற்ற மென்பொருளின் கிராக்கை விட, நிரலைப் பிரிக்கிற கருவியின் கிராக் ஆபத்துக் கூடியது. பாவிப்பவர் நிச்சயம் முக்கியமான கோப்போடுதான் வருவார் என்று தீநிரலை வைப்பவனுக்குத் தெரியும். 2021 நவம்பரில் ஈசெட் ஒன்றை வெளியிட்டது: ஐடிஏ புரோ என்ற புகழ்பெற்ற நிரல் ஆய்வுக் கருவியின் திருட்டுப் பதிப்பு ஒன்றில் லாசரஸ் என்ற கணினி ஊடுருவல் குழு தீநிரல் சேர்த்துப் பரப்பியிருந்தது. இலக்கு வைத்தது பாதுகாப்பு ஆய்வாளர்களையே. அந்தத் துறையில் இருப்பவர்களுக்கே வலை விரிக்கிறார்கள் என்றால் நம் அலுவலகங்கள் எம்மாத்திரம்?

2015 இல் நடந்தது இன்னும் யோசிக்க வைக்கும். சீனாவில், செயலி கட்டுவதற்கான ஆப்பிளின் எக்ஸ்கோட் மென்பொருளை வேறு தளங்களிலிருந்து இறக்கியவர்களுக்குக் கிடைத்தது மாற்றப்பட்ட பதிப்பு. அதில் கட்டிய செயலிகள் எல்லாவற்றுக்குள்ளும் தீநிரல் தானாகப் போய்ச் சேர்ந்தது. எழுதியவர்களின் நிரல் சுத்தம், கருவி சுத்தமில்லை. எக்ஸ்கோட்கோஸ்ட் என்று அதற்குப் பெயர். கிராக் கருவி பிரித்துத் தரும் நிரலில் வட்டி வீதம் ஓரிடத்தில் மாறி விழுந்தால் எங்களால் எப்படிக் கண்டுபிடிக்க முடியும்? ஒப்பிட மூலம் நம்மிடம் இல்லையே, அதற்காகத்தானே பிரிக்கிறோம்.

சட்டமும் கேட்க விரும்புகிறேன். 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரலையும் பாதுகாக்கிறது. சட்டப்படி பிரதி வைத்திருப்பவர், வாங்கிய நோக்கத்துக்குத் தேவையான அளவில் பிரதி எடுக்கவும் தழுவி மாற்றவும் அதில் இடம் இருக்கிறது. ஐரோப்பாவில் 2021 ஒக்டோபரில் ஐரோப்பிய நீதிமன்றம், சட்டப்படி வாங்கியவர் பிழை திருத்துவதற்காக நிரலைப் பிரிக்கலாம் என்று தீர்ப்பளித்தது. அது நமக்குச் சட்டம் இல்லை. ஆனால் சொந்த மென்பொருளைத் திருத்தப் பிரிப்பதும், அதற்காக வேறொருவரின் கருவியைத் திருடிப் பாவிப்பதும் இரண்டு வேறு விடயங்கள் அல்லவா?

பழைய கிளிப்பர் எழுதியது:

இரண்டும் வேறுதான், பிள்ளை. முதலாவதற்கு நியாயம் உண்டு. சங்கம் காசு கொடுத்துச் செய்வித்தது, எழுதியவரைத் தேடியும் கிடைக்கவில்லை, உறுப்பினர்களின் கணக்கைக் காப்பாற்ற வேண்டும். நிர்வாக சபைக் கூட்டத்தில் தீர்மானம் எழுதி, பழைய ஒப்பந்தம் ஏதும் கோவையில் இருந்தால் எடுத்துப் பார்த்துவிட்டுச் செய்யலாம். சட்டத்தரணி ஒருவரிடம் ஒரு வார்த்தை கேட்பதும் நல்லது. இரண்டாவதற்கு எந்த நியாயமும் இல்லை. 2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிற காலத்தில், ஊர்ச்சனத்தின் அடையாள அட்டை இலக்கமும் கடன் விவரமும் இருக்கிற கணினியில் தெரிந்தே அதைப் போட்டோம் என்று எந்தத் தலைவரும் எழுத்தில் சொல்ல முடியாது.

உவர்மலை இலிகிதர் எழுதியது:

ஐயா, கொப்பி எடுத்து என் மடிக்கணினியில் கல்க்கில் திறந்தேன். எல்லாம் தெரிகிறது. ஒவ்வொரு நெடுவரிசையின் தலைப்பிலும் புலத்தின் பெயரோடு அதன் வகையும் அகலமும்கூட எழுதியிருக்கிறது. அடையாள இலக்கத்துக்கு 10 என்றே இருக்கிறது. பெரிய நிம்மதி.

இரண்டு சந்தேகம். பெயர்கள் எல்லாம் பொருளில்லாத ஆங்கில எழுத்துகளாக நிற்கின்றன. மற்றது, நிலுவைக்கு நான் கணித்த வட்டியும் மென்பொருள் காட்டும் வட்டியும் சில கணக்குகளில் சதக் கணக்கில் வேறுபடுகின்றன. சூத்திரம் இஎக்ஸ்இக்குள் இருக்கிறது என்றால், கடைசியில் அதைப் பிரிக்கத்தானே வேண்டும்?

பழைய கிளிப்பர் எழுதியது:

இதுதான் சரியான கேள்வி. தரவு திறந்து கிடக்கிறது, விதிகள்தான் மறைந்திருக்கின்றன. வட்டியை நாளுக்குக் கணிக்கிறதா மாதத்துக்கா, வருடம் 365 நாளா 360 நாளா, சதத்தை எந்தக் கட்டத்தில் வெட்டுகிறது, மாதம் முடிந்தா தவணை முடிந்தா. சத வித்தியாசம் பெரும்பாலும் இங்கேதான் பிறக்கும்.

இஎக்ஸ்இயைத் தொடுவதற்கு முன் கோப்புறையில் இரண்டு இடம் பாருங்கள். ஒன்று எஃப்ஆர்எக்ஸ் என்று முடிகிற கோப்புகள். அவை அறிக்கை வடிவங்கள். உள்ளே அதுவும் டிபிஎஃப் அமைப்புத்தான், கூட வருகிற எஃப்ஆர்டி கோப்பில் கணிப்பு வெளிப்பாடுகள் வெறும் எழுத்தாகவே இருக்கும். பல நிரலாளர்கள் பற்றுச்சீட்டு வடிவத்தைப் பின்னர் மாற்ற வசதியாக இவற்றை இஎக்ஸ்இக்கு வெளியே விட்டுவிடுவார்கள். மற்றது டிபிசி. விஷுவல் ஃபொக்ஸ்புரோவின் தரவுத்தளக் கோப்பு அது, அதுவும் ஒரு டிபிஎஃப்தான். சேமித்த செயல்முறை ஏதும் எழுதியிருந்தால் அதன் மூலநிரல் டிசிடிக்குள் எழுத்து வடிவிலேயே கிடக்கும். வட்டிச் சூத்திரத்தை அங்கே வைத்தவர்கள் இருக்கிறார்கள். எந்தக் கருவியும் இல்லாமல் வாசிக்கலாம்.

அங்கே இல்லையென்றால் கணக்கிலிருந்து விதியைக் கண்டுபிடிக்கலாம். கொப்பி எடுத்த தரவில் ஒரு பொய்யான உறுப்பினரைச் சேருங்கள். 10,000 ரூபாக் கடன், ஒரே நாள் இடைவெளி, வட்டி என்ன? பெப்ரவரி 28 இலிருந்து மார்ச் 1 வரை என்ன? நெட்டாண்டில் என்ன? கொஞ்சம் பொறுமை இருந்தால் இஎக்ஸ்இ தானே வாய் திறந்து சொல்லும். பழைய பேரேட்டுப் புத்தகங்கள் இருந்தால் அவற்றோடும் ஒப்பிடுங்கள்.

இவ்வளவுக்கும் பிறகும் தேவை என்றால் பிரிக்கலாம். ஃபொக்ஸ்புரோ இஎக்ஸ்இ இயந்திர மொழி அல்ல. சின்ன ஏவுபகுதிக்குப் பின்னால் இடைநிலைக் குறியீடு ஒட்டியிருக்கும், ஓடுவதற்கு ஃபொக்ஸ்புரோவின் சொந்த நூலகக் கோப்பு வேண்டும். அதனால் கீட்ரா போன்ற இலவசப் பிரிப்புக் கருவி இங்கே அவ்வளவு உதவாது, அது இயந்திர மொழிக்கு. ஆனால் மாறிகளின் பெயரும் செயற்கூறுகளின் பெயரும் இடைநிலைக் குறியீட்டிலேயே தங்கிவிடுவதால், ரீஃபொக்ஸ் போன்ற, ஃபொக்ஸ்புரோவுக்கென்றே உள்ள கருவி கிட்டத்தட்ட எழுதியவாறே திருப்பித் தரும். குறிப்புரைகள் மட்டும் போயிருக்கும். எழுதியவர் அதே ரீஃபொக்ஸால் காப்பு முத்திரை போட்டிருந்தால் கதை வேறு, அப்போது மேலே சொன்ன வழிகள்தான்.

சீனக்குடாத் தம்பி காசைப் பற்றிச் சொன்னது பொய்யில்லை. சின்னச் சங்கங்களின் நிலை எனக்கும் தெரியும். அதற்கு வழி, உரிமம் வைத்திருக்கிற ஒருவரிடம் கூலிக்கு அந்த ஒரு வேலையை மட்டும் கொடுப்பது. இஎக்ஸ்இ மட்டும் அனுப்பினால் போதும். தரவு ஒரு பதிவுகூட அனுப்ப வேண்டாம்.

சீனக்குடாக்காரன் எழுதியது:

தரவில்லாமல் இஎக்ஸ்இயை மட்டும் அனுப்பலாம் என்பது நல்ல வழி, ஐயா. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நிரல் கிடைத்தாலும் திருத்திக் கட்ட விஷுவல் ஃபொக்ஸ்புரோ வேண்டுமே? மைக்ரோசொஃப்ட் 2007 இலேயே அடுத்த பதிப்பு இல்லை என்றுவிட்டது, 9 ஆம் பதிப்புக்கான ஆதரவும் 2015 ஜனவரியில் முடிந்துவிட்டது. அதற்கும் திரும்பக் கிராக்கா?

பழைய கிளிப்பர் எழுதியது:

அதனால்தான் திருத்திக் கட்டச் சொல்லவில்லை, விதியை வாசிக்கத்தான் நிரல். பிறகு போக வேண்டியது புதிய தரவுத்தளத்துக்கு. பைத்தான் நிரல்மொழியில் டிபிஎஃப்ரீட் என்ற இலவச நூலகம் விஷுவல் ஃபொக்ஸ்புரோக் கோப்புகளை வாசிக்கும், அழித்த பதிவுகளைத் தனியாகவும் தரும். எஸ்கியூலைட் என்ற தரவுத்தளமும் இலவசம். எங்குமே கிராக் தேவைப்படாத பாதை இது. கோணேசபுரிப் பிள்ளை போன்றவர்கள் இறுதியாண்டுச் செயற்றிட்டமாக எடுத்தால் ஊருக்கும் உதவி.

அதுவரை கணக்காய்வுக்கு ஒரு தற்காலிக ஏற்பாடு: உறுப்பினர் இலக்கம், 12 எண் அடையாள இலக்கம் என்று இரண்டே நெடுவரிசைகளோடு தனி அட்டவணை வைத்திருங்கள். பழைய மென்பொருளுக்கு அது இருப்பதே தெரியாது, ஒன்றும் குழம்பாது. புலத்தை மட்டும் 12 ஆக அகலப்படுத்தினால் போதாது. திரையில் இருக்கிற உள்ளீட்டு வார்ப்பும் (எத்தனை எழுத்து, எந்த வகை என்ற கட்டுப்பாடு) சரிபார்ப்பும் இஎக்ஸ்இக்குள் இருக்கின்றன, அவை பத்தாவது எழுத்தோடு நிறுத்திவிடும். பழைய அட்டைக்காரர்களையும் 12 எண்ணுக்கு மாற்றி எழுதலாம்: முன்னால் 19, பிறகு முதல் ஐந்து எண், அதன்பின் ஒரு பூச்சியம், பிறகு மிச்ச நான்கு எண். கடைசி எழுத்தை விட்டுவிடுங்கள்.

அச்சகத்து எழுத்து எழுதியது:

பெயர்கள் பற்றி நான் சொல்கிறேன். அது கெட்டுப்போன தரவில்லை, பாமினி. திரையில் பாமினி எழுத்துருவைக் கொடுத்து ஆங்கில விசைகளாகச் சேமித்திருக்கிறார்கள். ஒரு வரியை எடுத்துச் சொற்செயலியில் ஒட்டி, எழுத்துருவைப் பாமினிக்கு மாற்றினால் தமிழ் தெரியும். யூனிகோடுக்கு மாற்ற நிறைய மாற்றிகள் உண்டு. ஆனால் உறுப்பினர் பெயரை இணைய மாற்றிகளில் ஒட்டாதீர்கள், மாற்று அட்டவணையை உங்கள் கணினியிலேயே ஓடவிடுங்கள்.

கவனிக்க வேண்டியது வரிசை. பாமினி கண்ணுக்குத் தெரிகிற ஒழுங்கில் எழுதும். கோ என்றால் முதலில் இரட்டைக் கொம்பு, பிறகு க, பிறகு கால். யூனிகோடில் க முதலில் வரும், ஓகாரக் குறி பின்னால். ஆகவே எழுத்துக்கு எழுத்து மாற்றினால் கொம்புகள் முந்திய எழுத்தில் போய் ஏறும். கொம்பு, கால் சேர்ந்த எழுத்துகளை முதலில் மாற்றிவிட்டுத்தான் தனி எழுத்துகளுக்கு வர வேண்டும். அப்புறம் சில பெயர்களை ஆங்கிலத்திலேயே பதிந்திருப்பார்கள். அவற்றையும் மாற்றி ஓடவிட்டால் புதுக் குப்பை வரும். முதலில் பிரித்து வையுங்கள்.

அகலமும் இருக்கிறது. திருகோணமலை என்பது பாமினியில் 10 பைட்டு, யூனிகோடைச் சேமிக்கிற யூடிஎஃப்-8 முறையில் 30 பைட்டு. விஷுவல் ஃபொக்ஸ்புரோவுக்கு யூனிகோடே தெரியாது. அதனால் மாற்றிய பெயரைப் பழைய கோப்புக்குள் திருப்பி எழுத நினைக்க வேண்டாம், புதிய தரவுத்தளத்தில் மட்டும் போடுங்கள். பாமினி மூலத்தையும் பக்கத்தில் ஒரு நெடுவரிசையாக வைத்திருந்தால் பிழை வரும்போது ஒப்பிடலாம். எங்கள் அச்சகத்தில் பழைய வாக்காளர் அறிவித்தல், திருமண அழைப்பு எல்லாம் இப்படித்தான் வைத்திருக்கிறோம்.

தம்பலகாமம் எழுதியது:

வாசித்துக்கொண்டு வந்தேன், மனம் கேட்கவில்லை. எங்கள் அலுவலகக் கணினியில் முன்பிருந்த ஒருவர் போன வருடம் இப்படி ஒரு கிராக் போட்டிருக்கிறார். கோப்பு ஒன்றும் பூட்டப்படவில்லை. அப்படியென்றால் தப்பிவிட்டோம் என்று எடுக்கலாமா?

கிண்ணியா ரிப்பேர் எழுதியது:

எடுக்க முடியாது. எல்லாமே பூட்டிக் காசு கேட்பதில்லை. ரெட்லைன், விடார் போன்றவை சத்தமே இல்லாமல் உலாவியில் சேமித்த கடவுச்சொற்களையும், நீங்கள் உள்நுழைந்திருப்பதை நினைவில் வைக்கிற குக்கிகளையும் அள்ளிக்கொண்டு போகிறவை. ஸ்டொப்பும் சில நேரம் இப்படியானதைக் கூடவே கொண்டுவரும். குக்கி போனால் கடவுச்சொல் தெரியாமலே உங்கள் கணக்குக்குள் நுழையலாம்.

அந்தக் கணினியிலிருந்து எதையும் மாற்றாதீர்கள். சுத்தமான வேறொரு கணினியிலோ தொலைபேசியிலோ இருந்து மின்னஞ்சல் கடவுச்சொல்லை முதலில் மாற்றுங்கள், எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறு என்பதை அழுத்துங்கள், இரண்டாம் கட்டச் சரிபார்ப்பைப் போடுங்கள். வங்கிக் கணக்கு இணையத்தில் இருந்தால் அதற்கும் அப்படியே செய்துவிட்டு வங்கிக்கும் அறிவியுங்கள். பிறகு தரவுக் கோப்புகளை மட்டும் கொப்பி எடுத்துக்கொண்டு விண்டோஸை முழுவதும் அழித்துப் புதிதாக நிறுவுங்கள். கொப்பி எடுத்ததில் இஎக்ஸ்இ எதையும் திரும்பக் கொண்டுவர வேண்டாம். உங்கள் கணக்கு மென்பொருளின் இஎக்ஸ்இ வேண்டுமென்றால், கிராக் போடுவதற்கு முந்திய காப்புப் பிரதியிலிருந்து எடுங்கள்.